கழுவிய போத்தல்கள்

முல்லைத்தீவுக் கரையில் ஒதுங்கிய பிளாஸ்டிக் போத்தல்களைக் கழுவி, டினோஜன் பெரிய மீன் ஒன்றைச் செய்தான். கழுவியதிலிருந்து எல்லாவற்றையும் வீடியோப் படமாகவும் எடுத்தான். புனிதமலர் தினமும் வந்து ஒவ்வொரு போத்தலாகத் திருப்பிப் பார்த்தாள்.

"அக்காவுக்கும் சூழலில நல்ல அக்கறை," என்றான் டினோஜன்.

"கழுவ முதல் எடுத்த படம் இருக்கோ, தம்பி?"

கமராவில் ஓட்டிக் காட்டினான்.

"நிப்பாட்டுங்கோ!"

படத்தில், நீலப் பெயின்டால் சிலுவை கீறிய போத்தல் ஒன்றை அவனே சிரித்தபடி தேய்த்து அழித்துக்கொண்டிருந்தான்.

"அது எங்கட வலையில கட்டின மிதப்பு. அடையாளத்துக்கு நான்தான் கீறினனான். கடலுக்குப் போன என்ர மனுசன் இன்னும் வரேல்ல."

அவன் தலை குனிந்தான்.

"அடக்கம் பண்ண வேற ஒண்டும் இல்லை, தம்பி. அந்தப் போத்தலையெண்டாலும் எடுத்துத் தாங்கோ."

டினோஜன் மீனைப் பார்த்தான். எல்லாப் போத்தல்களும் ஒரேமாதிரிப் பளபளத்தன.