கடைசியாகச் சொல்ல வேண்டியவர்

முதல் ஆள் எழுந்ததுமே அவர் முகத்தைத்தான் பார்த்தான்.

அவர் சட்டென்று சுவரைப் பார்த்தார்.

பார்க்கக் கூடாது என்பதற்காகத்தானே இந்த ஏற்பாடே. கோர்ட் மார்ஷலில் ஏழு சுதேசி அதிகாரிகள் உட்கார்ந்தால், எல்லோருக்கும் இளையவர் முதலில் தீர்ப்புச் சொல்ல வேண்டும். மூத்தவர் கடைசியில். பெரியவர் வாயைப் பார்த்துச் சின்னவர் பேசிவிடக் கூடாதாம்.

மூத்தவர் அவர்தான். சுபேதார் மேஜர். இந்த மண்ணில் பிறந்த ஒருவன் பட்டாளத்தில் ஏறக்கூடிய கடைசிப் படி அது. அதற்கு மேலே எல்லாம் வெள்ளைக்காரர்கள். அவர்களில் மீசை முளைக்காதவனுக்குக்கூட இவர் சலாம் வைக்க வேண்டும்.

"மரணம்" என்றான் இளைய ஜமேதார்.

மூலையில் உட்கார்ந்திருந்த வெள்ளைக்காரக் கேப்டன் எழுதிக்கொண்டார்.

வெளியே வேப்பமரத்தடியில், கையில் விலங்கோடு, சிப்பாய் திருவேங்கடம் நின்றான். பஞ்சத்தில் காய்ந்த ஜனம் தானியக் கிடங்கின் கதவை முட்டியபோது, சுடு என்று உத்தரவு வந்தது. எல்லோரும் சுட்டார்கள். இவன் மட்டும் துப்பாக்கியைத் தரையில் வைத்துவிட்டு நின்றான்.

ஏன் என்று கேட்டதற்கு, எதிரே நின்றவள் இடுப்பில் பிள்ளை இருந்தது என்றான். அவ்வளவுதான் அவன் வாக்குமூலம்.

ஏழு பேரில் ஐந்து பேர் மரணம் என்றால் அவனைச் சுட்டுவிடுவார்கள். மூன்று பேர் வேண்டாம் என்றால் சிறையோடு போகும். உயிர் மிஞ்சும்.

அவன் சாகக் கூடாது. அதில் அவருக்குச் சந்தேகமே இல்லை. இரண்டு நாளாகச் சோறு இறங்கவில்லை.

ஆனால் அதை அவர் வாயால் சொல்ல முடியாது.

நாற்பத்தொரு வருஷம். பதினேழு வயதில் வெறுங்காலோடு வந்து சேர்ந்தவர். பர்மாவில் காய்ச்சல், சீனத்தில் தொடையில் குண்டு. ஒவ்வொரு படியையும் ஒரே வார்த்தையைச் சொல்லித்தான் ஏறினார். உத்தரவு. பகதூர் பட்டத்துக்கான சிபாரிசு இப்போது கர்னல் மேஜையில் கையெழுத்துக்குக் காத்திருக்கிறது.

இந்த அறையில் யார் என்ன சொன்னார்கள் என்பது வெளியே போகாது. சத்தியம் வாங்கியிருந்தார்கள். சத்தியம் ஒரு பக்கம் இருக்கட்டும். கேப்டனும் கர்னலும் ஒரே மேஜையில்தான் சாப்பிடுகிறார்கள்.

அதனால் அவர் ஒரு கணக்குப் போட்டு வைத்திருந்தார்.

தனக்கு முன்னால் பேசுகிற ஆறு பேரில் மூன்று பேர் வேண்டாம் என்றால் போதும். அவன் பிழைத்துவிடுவான். அப்புறம் அவர் எழுந்து, மரணம் என்று கணீரென்று சொல்லலாம். அந்தச் சொல் யாரையும் கொல்லாது. அவனுக்கு உயிர், இவருக்குப் பட்டம்.

வெட்கங்கெட்ட கணக்குதான். போட்டவருக்கே தெரியும்.

இரண்டாவது ஆளும் மரணம் என்றான்.

மூன்றாவது ஆள் இருமினான். தரையைப் பார்த்துக்கொண்டு, வேண்டாம் என்றான். அவனைக் கட்டிக்கொள்ளலாம் போலிருந்தது அவருக்கு.

நான்காவது, மரணம்.

ஐந்தாவது, வேண்டாம்.

இன்னும் ஒன்று. ஒன்றே ஒன்று.

ஆறாவது ஆள் சுபேதார் ராயப்பன். அவரோடு ஒரே கப்பலில் சீனத்துக்குப் போய் வந்தவன். கோழி அறுத்தால்கூட முகத்தைத் திருப்பிக்கொள்வான் என்று பட்டாளமே கேலி பேசும். அவர் நிமிர்ந்து உட்கார்ந்தார். அப்பாடா என்று வந்தது. இந்தக் கணக்கையே அவர் ராயப்பனை நம்பித்தான் போட்டிருந்தார்.

ராயப்பன் எழுந்தான். ஒரு முறை அவரைத் திரும்பிப் பார்த்தான். அந்தப் பார்வையில் பயம் இல்லை. கவலைகூட இல்லை.

"மரணம்."

அவர் மனதுக்குள் மறுபடி எண்ணினார்.

நான்கு பேர் மரணம். இரண்டு பேர் வேண்டாம்.

ஆறு பேரும் இப்போது அவரையே பார்த்தார்கள். இனிமேல் பார்க்கலாம், தடையில்லை.

எழுந்து நின்றார். மார்பில் பதக்கங்கள் உரசின. சொல்ல வேண்டியது சின்னச் சொல்தான். நாக்கு நுனியில்தான் இருந்தது.

கேப்டன் பேனாவை மசியில் தோய்த்துவிட்டுத் தலையைத் தூக்கினார்.

நாற்பத்தொரு வருஷமாக ஒரு துரை அப்படித் தலையைத் தூக்கினால் அவர் வாய் தானாகத் திறக்கும்.

திறந்தது. கேப்டன் ஐந்தாவது மரணத்தை எழுதிக்கொண்டார்.

வெளியே வந்தபோது வெயில் ஏறியிருந்தது. ராயப்பன் பின்னாலேயே ஓடி வந்தான். முகத்தில் ரத்தமே இல்லை.

"கடைசியா நீங்க இருக்கீங்கங்கற தைரியத்துலதானேண்ணே நான் அப்படிச் சொன்னேன்."

நீ இருக்கிறாய் என்றுதானடா நான், என்று அவருக்கும் வாய் வரை வந்தது. விழுங்கிக்கொண்டார்.

வேப்பமரத்தடியில் திருவேங்கடத்துக்கு இன்னும் யாரும் எதுவும் சொல்லவில்லை. சுபேதார் மேஜரைக் கண்டதும் விலங்கு சத்தமிட, குதிகால் இரண்டையும் சேர்த்து விறைத்து நின்றான்.

அப்படியே நின்றான்.

அவர் உத்தரவு சொன்னால்தான் தளர்ந்து நிற்பான்.