வெடிப்பில் குடியிருந்த டெய்சி

மேகங்கள் உரசிக்கொண்டு போகும் உயரத்தில் ஒரு பாறை இருந்தது. அதன் வெடிப்பில் ஒரு காட்டு டெய்சிச் செடி குடியிருந்தது. பொழுது விடிந்தால் புலம்பல்தான். "ஒரு பிடி மண்ணு வச்சுக்க வக்கில்லை உனக்கு. மத்தியானமானா சுடுறே. உன்கிட்ட வந்து மாட்டிக்கிட்டேன் பாரு!"

பாறை எல்லாவற்றையும் கேட்டுக்கொள்ளும். அத்தனையும் உண்மைதானே.

டெய்சியின் விதைகள் பஞ்சு கட்டி முற்றிய அன்று காற்று வந்தது. "பிள்ளைகளையாவது கொடு, கீழே ஓடைக்கரையில விட்டுடறேன். மெத்தை மாதிரி மண்ணு. நீயும் பாவம், இந்த ஒண்ணுக்கும் உதவாத கல்லோட..."

பாறைக்குத் திக்கென்றது. இத்தனை நாள் புலம்பிய செடி, சரி என்றுதானே சொல்லும்?

"யாரை உதவாத கல்லுங்கிறே?" டெய்சி சீறியது. "போன பனியில ஓடைக்கரைச் செடியெல்லாம் கருகிச்சே, நான் கருகினேனா? பகல் வெயிலைச் சேர்த்து வச்சு ராத்திரி முழுக்க என் வேருக்குச் சூடு கொடுத்தது யாரு? பிள்ளைகளைக் கொண்டுபோ. ஆனா மேலே இதே மாதிரி ஒரு வெடிப்பாப் பார்த்து விடு."

காற்று விதைகளை அள்ளிக்கொண்டு மேலே ஏறியது. பாறை டெய்சியையே பார்த்துக்கொண்டிருந்தது.

டெய்சி அதன் பக்கம் திரும்பியது. "என்ன பார்வை? இன்னைக்கும் சுடத்தான் சுடுறே!"