ஒன்பதாவது மெழுகுவர்த்தி

அன்றன்று வார்த்த மெழுகுவர்த்திகளில் ஒன்பதைக் கைபோன போக்கில் எடுத்து, வரிசையாக ஏற்றி, அவை அணைகிற நேரத்தைக் குறித்துச் சராசரி பார்ப்பதுதான் அந்தத் தொழிற்சாலையில் ஜெசிந்தாவுக்கு வேலை. எரியும்போது எதையும் தொடக் கூடாது. காற்றடித்தாலும் மறைக்கக் கூடாது. தனியாக ஒரு வர்த்தி முன்னே பின்னே எரியும். ஒன்பதின் சராசரி மட்டும் நான்கு மணி நேரத்தை விட்டு நகரவே நகராது.

இன்று எட்டும் அணைந்த பிறகு, கடைசி வர்த்தி ஐந்து மணி நேரத்தைத் தாண்டியும் எரிந்துகொண்டிருந்தது.

"ஒண்ணு ரெண்டு இப்படி நின்னு எரியும்மா," என்றார் மேற்பார்வையாளர் தாசையா. "ஒம்பதையும் சேத்துப் பாத்தா பழைய கணக்குக்கே வந்துரும்."

"எது நிக்கும்னு முன்னாடியே தெரியுமா சார்?"

"அது எப்படித் தெரியும்?"

அவள் கணவனுக்கு வந்திருக்கும் நோயில் சராசரி இரண்டு வருடம் என்று டாக்டர் சொல்லியிருந்தார். வருகிற மாதத்தோடு இரண்டு வருடம் முடிகிறது.

ஜன்னல் வழியே காற்று வந்து சுடரைச் சாய்த்தது. ஜெசிந்தா இரண்டு கைகளையும் குவித்து அதை மறைத்தாள். உள்ளங்கை சுட்டது.

"கைய எடும்மா, சராசரி தப்பாயிரும்."

"தப்பாகட்டும் சார்," என்றாள்.