தலையில்லாத வீராங்கனை

“தலையில்லாத பொம்மையைப் போய் எவனாச்சும் கம்ப்யூட்டர்ல வெச்சிருப்பானா?” சுப்பண்ணன் தன் மனைவி மதிவதனியின் காதில் முணுமுணுத்தார்.

பெண்ணைக் காட்டும் முன் மாப்பிள்ளை வீட்டைப் பார்த்துவிடுவது அவர்கள் வழக்கம். அதற்காகத்தான் அவிநாசியிலிருந்து சிங்காநல்லூர் வந்திருந்தார்கள். கூடத்து மேசைத் திரையில் கவசம் அணிந்த ஒரு வீராங்கனை, கழுத்துக்குக் கீழே மட்டும் நின்றுகொண்டிருந்தாள்.

“மெல்லப் பேசுங்க. எத்தனையோ ஜாதகத்தைத் தள்ளுன புள்ளை, இந்த ஊட்டைத்தான் பார்த்துட்டு வாங்கன்னு சொல்லியிருக்கறா,” என்றாள் மதிவதனி.

மாப்பிள்ளைப் பையன் நிதீஷ் தண்ணீர்ச் சொம்புடன் வந்தான்.

“ஏனுங்க தம்பி, இதென்ன படமுங்க?”

“வீடியோ கேம்ல வர்ற ஆளுங்க. இந்த மாதிரி ஆயிரக்கணக்குல சேர்த்து வெச்சிருக்கறேனுங்க. முன்னெல்லாம் தினம் ஒண்ணு மாத்துவேன்.”

தோட்டங்காடு வாங்குகிற வயதில் பொம்மைப் படம் சேர்க்கிறானாம்! சுப்பண்ணன் மனத்துக்குள் அந்த ஜாதகத்தை மடித்துவிட்டார்.

“சேர்த்ததுதான் சேர்த்தீங்க, தலையோட ஒண்ணு கெடைக்கலீங்களா?”

நிதீஷ் சிரித்துவிட்டான். “தலை இருக்குதுங்க. படம் நெட்டை, திரை அகலம். முகம் தெரியற மாதிரி வெச்சா, காலடியில இருக்கற கையெழுத்து மறைஞ்சு போயிருது. வரைஞ்சவங்க பேரை வெட்டிப்போட்டுப் படத்தை மட்டும் ரசிக்கறது நன்றிகெட்ட வேலை இல்லீங்களா?”

“யாரு வரைஞ்சது?”

“பார்த்ததில்லீங்க. படத்தை இன்டர்நெட்டுல போடறப்ப ‘சிட்டு’ன்னு பேரு போடுவாங்க. ஒவ்வொரு படத்துக்கும் நன்றி எழுதுவேன், அவங்களும் பதில் எழுதுவாங்க. ஆடிக்கப்புறம் படமே வரலை. கேட்டா பதிலும் இல்லீங்க. ஒடம்புக்கு ஏதாச்சுமோ என்னமோன்னு மனசு அடிச்சுக்குது. கடைசியா வந்த படமிது. அதான் மாத்தவே மனசு வரலீங்க.”

மதிவதனி கணவரைப் பார்த்தாள். அவர் கண்ணாடியை மாட்டிக்கொண்டு திரையருகே குனிந்தார். அந்தக் கையெழுத்தையே வெகுநேரம் பார்த்தார்.

பிறகு வாசலுக்குப் போய் வீட்டுக்குப் போன் போட்டார்.

“சிட்டு... கல்யாணம் ஆகப்போற புள்ளைக்கு இதெதுக்குன்னு, உன்ற படம் வரையற டேபை நான் பூட்டி வெச்சனல்ல? சாவி சாமி படத்துக்குப் பின்னால இருக்குது. எடுத்து வரை, கண்ணு.”

கண்ணாடியைக் கழற்றியபடி தொடர்ந்தார்.

“நல்லாருக்குன்னு நாங்க ஒருநாளும் சொன்னதில்லை. சொல்ற ஊட்டு வாசல்லதான் நிக்கறேன்.”