சுவரைப் பார்க்கும் பிள்ளை

“பிலோமிக்கு மற்றப் பிள்ளையளோட பழகத் தெரியேல்லை. அடுத்த வருசமும் அவள் பாலர் வகுப்பிலதான் இருக்க வேணும்” என்றார் எல்சி ரீச்சர்.

திருகோணமலைத் துறைமுகத்தில் மூட்டை இறக்கும் சூசையின் மனைவி ஞானம்மா, வீட்டிலிருந்த ஒரே கதிரையை வீடு தேடி வந்த ரீச்சருக்குக் கொடுத்துவிட்டு ஐந்து பிள்ளைகளோடு நின்றாள்.

“என்ன செய்தவள், ரீச்சர்?”

“ஒரு பிள்ளை விழுந்து அழுதால் மற்றதுகள் ஓடிப்போய்த் தூக்குங்கள். இவள் முதுகைக் காட்டிக்கொண்டு சுவரைப் பார்க்கிறாள். ஏனெண்டு கேட்டாலும் சொல்லுறாளில்லை. நேற்று தண்டனையா வாங்கில ஏத்தி நிக்க விட்டனான்.”

ஞானம்மா மகளைப் பார்த்தாள்.

“அது நாங்கள் பழக்கினது, ரீச்சர். ஏழு பேருக்கும் இந்த ஒரு அறைதான். ஒராள் உடுப்பு மாத்தவோ அழவோ வேற இடமில்லை. அதால மற்ற ஆக்கள் சுவர்ப்பக்கம் திரும்பி நிப்பம். அந்த நேரம் அறை முழுக்க அந்த ஆளுக்குத்தான்.”

எல்சி ரீச்சருக்குக் கண் கலங்கியது, குனிந்து கைக்குட்டையைத் தேடினார்.

நிமிர்ந்தபோது ஞானம்மாவும் பிள்ளைகளும் சுவர்ப்பக்கம் திரும்பி நின்றார்கள். கடைக்குட்டி மட்டும் ரீச்சரையே பார்த்துக்கொண்டிருந்தான்.

பிலோமி அவன் தலையைப் பிடித்து மெல்லத் திருப்பிவிட்டாள்.