கோணல் கொம்பு

நாற்பத்தோரு வருஷக் குடித்தனத்துக்குப் பிறகு, துர்தகுன் தன் மனைவியைக் கையும் களவுமாகப் பிடித்தார். பூதக்கண்ணாடி வழியாகத்தான்.

இருவரும் வேலை பார்க்கும் பிஷ்கேக் படக் காப்பகத்தில், அடியில் விளக்கெரியும் கண்ணாடி மேசைமேல் ஒரு படச்சுருள். அவர்கள் கல்யாணத்துக்கு முன்பு ஒரு மேய்ச்சல்வெளித் திருவிழாவில் எடுத்தது. அதற்கப்புறம் யாரும் சீந்தவில்லை. சுருங்கிப்போன பிலிம் மெஷினில் ஓடாது. கையால் நகர்த்திக் கட்டம் கட்டமாகத்தான் பார்க்க வேண்டும்.

ஒரு கட்டத்தில் அவர் மனைவி புருல்சா, இளம்பெண்ணாக, கையில் தையல் போட்ட கைக்குட்டை. எதிரே அவருடைய உயிர் நண்பன் கசீமாலி, காலிக் கிண்ணத்தோடு. ஒரு முழம் தள்ளியதும் கைக்குட்டை கசீமாலியிடம் இருந்தது. இன்னும் பத்து முழம் தள்ளியும் அவனிடமே இருந்தது. கிண்ணத்தில் குதிரைப்பால் தளும்பியது.

அந்த நாட்டு வழக்கப்படி ஒரு பெண் கைக்குட்டை கொடுத்தால் மனசையே கொடுத்துவிட்டாள் என்று அர்த்தம். அதே திருவிழாவின் கடைசி நாளில் புருல்சா துர்தகுனுக்கும் ஒன்று கொடுத்திருந்தாள். அன்றிலிருந்து அது அவர் சட்டைப்பையில்தான் இருக்கிறது. எவ்வளவு சளி பிடித்தாலும் அதில் மூக்கைச் சிந்தியதில்லை.

எடுத்துப் படத்தோடு ஒப்பிட்டார். அதே ஆட்டுக்கொம்புத் தையல். இடது மூலைக் கொம்பு கோணல், படத்திலும் கோணல்.

"அடிப்பாவி! தப்பைக்கூட அச்சு அசலா ரெண்டு தடவை தைச்சிருக்காளே!"

புருல்சா அடுத்த மேசையில் கிழிந்த பிலிமை ஒட்டிக்கொண்டிருந்தாள்.

"ஏ கிழவி, இங்க வா. எனக்கு முன்னாடி கசீமாலிக்குக் கைக்குட்டை குடுத்தியா? போன வாரம்கூட அந்தத் துரோகிக்கு ஆட்டுத்தலையை வச்சு உபசரிச்சேனே!"

"வச்சீங்க. முறைப்படி விருந்தாளி ஒரு கண்ணை உங்களுக்குக் குடுக்கணும். ரெண்டையும் அவரே தின்னாரு." எழுந்து வந்து குனிந்து பார்த்தாள். பிறகு சிரித்தாள்.

"ஏன் கிழவரே, குடிக்கக் குடிக்கக் கிண்ணம் ரொம்புமா? சுருள் வால்பக்கம் வெளியே இருக்கு, கடைசியிலேர்ந்து பாத்திருக்கீங்க. தலையா வாலான்னு பாக்காம தொடாதேன்னு ஊருக்கே பாடம் எடுக்குற ஆளு!"

துர்தகுனுக்குப் போன உயிர் திரும்பி வந்தது. "அப்படின்னா நீ அவனுக்குக் குடுக்கலை?"

"நல்லாப் பாருங்க. அவருதான் எனக்குக் குடுக்குறாரு."

அப்பாடா என்று கைக்குட்டையை மடித்துப் பைக்குள் வைக்கப்போனவர், பாதியில் நிறுத்தினார். கோணல் கொம்பு அவரையே பார்த்தது.

"நீ தைச்ச கைக்குட்டை அவன் கைக்கு எப்படிப் போச்சு?"

புருல்சா தன் மேசைக்குத் திரும்பி, விட்ட இடத்திலிருந்து ஒட்ட ஆரம்பித்தாள்.

"முத நாள் அவருக்குத்தான் குடுத்தேன், வேணாம்னு திருப்பிட்டாரு. நல்ல துணி, வீணாப்போவானேன்னு உங்களுக்குக் குடுத்தேன்."