வருணன் வேஷம்

எங்கள் தெருப் பெரியவர் பஞ்சநாதன் அந்தக் காலத்து நடிகர். நாடகத்திலும் சரி, மூன்று சினிமாவிலும் சரி, வருணன் வேஷம்தான். சினிமாவில் கிரீடம் மட்டும் நன்றாகத் தெரியும். திருவிழாவில் அவரை மறுபடி வேஷம் கட்டவைத்துப் பொன்னாடை போர்த்த ஏற்பாடானது.

எங்கள் ஊர் மரக்காணத்தில் அப்போது உப்பு வாரும் நேரம். அவர் வருணனாக மேடையேறினால் மழை கொட்டாமல் விடாது என்று அவர் மனைவி விருத்தாம்பாள் என்னிடம் சொன்னார். நான் நாலு பேரிடம்தான் சொன்னேன். சாயங்காலம் உப்பளக்காரர்கள் எல்லாரும் அவர் வாசலில் நின்றார்கள்.

"பெரியவரே, உப்பெல்லாம் பாத்தியிலயே கெடக்குது. வேஷம் மட்டும் வேணாங்க!"

"எண்பத்தெட்டு வயசுல ஒரு சான்ஸ் வந்துச்சு, அதையும் கெடுக்குறீங்களே!" என்று கர்ஜித்தவர், பெருமூச்சு விட்டார். "சரி, உங்களுக்காக விட்டுக்குடுக்கறேன்."

ஊரே நெகிழ்ந்துபோய், வேஷம் கட்டாமலே பொன்னாடை போர்த்தியது.

"பாவம் பெரிம்மா, எவ்ளோ ஆசையா இருந்தாரு!" என்றேன் விருத்தாம்பாளிடம்.

"நீ வேறடி! ஒரு வசனம்கூட ஞாபகம் வரல, மேடையில முழிச்சா மானம் போயிடும்னு தூங்காம கெடந்தாரு. மழைப் புரளிய கெளப்புனதே அவருதான். உன்கிட்ட மட்டும் சொன்னா போதும், மைக் செட்டே தேவையில்லன்னாரு."